நடசம்ராட் கையெழுத்திட்ட பத்திரம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ‘நடசம்ராட்’ மராத்தித் திரைப்படம் பற்றித் தங்கள் நாளிதழில் வெளிவந்த கட்டுரையைப் படித்தோம். நானா படேகரின் நடிப்பைப் பற்றியும், பெற்றோரைக் கைவிடும் பிள்ளைகளைப் பற்றியும் கட்டுரையாளர் எழுதியிருப்பது எல்லாம் சரி. ஆனால் கதை திரும்புகிற இடத்தை ஒரே வரியில் கடந்துவிட்டார்: “ஓய்வு பெற்றதும் சொத்து முழுவதையும் பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுத்துவிடுகிறார்.” மூத்த குடிமக்களின் பராமரிப்பு மனுக்களை எழுதிக் கொடுக்கும் பணியில் இருப்பவர்கள் என்ற முறையில், அந்த ஒரு வரியைப் பற்றி மட்டும் விரிவாக எழுத விரும்புகிறோம். படத்தைப் பார்த்துக் கண்கலங்கிய பெரியவர்களில் பலர், அதே காரியத்தை அதே விதமாகச் செய்யும் நிலையில்தான் இருக்கிறார்கள்.

கதை தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக. மேடையில் வாழ்நாளைக் கழித்த கணபத்ராவ் பேல்வல்கரை வீட்டில் எல்லோரும் ‘அப்பா’ என்பார்கள். நடிப்பிலிருந்து விலகும்போது வீட்டை மகன் பக்கமும் சேமிப்பை மகள் பக்கமும் கொடுத்துவிடுகிறார். மகன் வீட்டில் உரசல் தொடங்குகிறது. மகள் வீட்டுக்குப் போகிறார்கள்; அங்கே திருட்டுப் பழி விழுகிறது. கணவனும் மனைவியும் இரவோடு இரவாகக் கிளம்புகிறார்கள். வழியில் மனைவி காவேரி இறந்துபோகிறார். மும்பைத் தெருவில், செருப்புக்கு பாலிஷ் போடும் ராஜா என்ற இளைஞனின் துணையோடு அப்பாவின் கடைசிக் காலம் கழிகிறது.

மகேஷ் மாஞ்ரேக்கர் இயக்கிய இந்தப் படம் 2016 ஜனவரி 1 அன்று வெளியானது. ஆனால் கதை அதைவிட மிகப் பழையது. குசுமாக்ரஜ் என்ற பெயரில் கவிதை எழுதிய வி.வா. சிர்வாட்கரின் நாடகம் இது. 1970 டிசம்பரில் முதல்முறை மேடையேறியபோது பேல்வல்கராக நடித்தவர் டாக்டர் ஸ்ரீராம் லாகூ. 1974-ல் இந்த நாடகத்துக்கு சாகித்ய அகாதமி விருது கிடைத்தது. 2023-ல் பிரகாஷ் ராஜ் நடிப்பில் ‘ரங்கமார்த்தாண்டா’ என்று தெலுங்குக்கும் போனது. ஆண்டுகளைக் குறிப்பாகச் சொல்வது ஏன் என்பது பின்னால் விளங்கும்.

முதலில் ஒரு நாடக நடிகருக்கு வீடு என்றால் என்ன என்று பார்க்க வேண்டும். மராத்தி வணிக நாடக மேடையில் நடிகருக்கு மாதச் சம்பளம் கிடையாது. ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று கூலி. அதற்கு அங்கே ‘நைட்’ என்றே பெயர். காட்சி நடந்தால் காசு உண்டு, நடக்காவிட்டால் இல்லை. வருங்கால வைப்பு நிதி, பணிக்கொடை, ஓய்வூதியம் என்று எதுவும் சேராது. அரசு ஊழியர் வீட்டை எழுதிக் கொடுத்துவிட்டாலும் மாதம் பிறந்தால் ஓய்வூதியம் வரும். பேல்வல்கருக்கு அந்த வீடும் வங்கியில் கிடந்த பணமும்தான் ஓய்வூதியம். அவர் சொத்தைப் பிரித்தார் என்று சொல்வது போதாது. தன் மீதி வாழ்க்கைக்கான மொத்த வருமானத்தையும் ஒரே நாளில் கைமாற்றினார்.

ஷேக்ஸ்பியரின் லியர் அரசன்தான் இந்தக் கதையின் மூலம் என்று கட்டுரையாளரும் குறிப்பிடுகிறார். ஆனால் ஒரு வேறுபாட்டை யாரும் சொல்வதில்லை. லியர் நாட்டைப் பிரித்துக் கொடுக்கும்போது நிபந்தனை போடுகிறான். இரண்டு மகள்களிடமும் மாதம் மாறி மாறித் தங்குவேன், என்னோடு 100 வீரர்கள் இருப்பார்கள், அவர்கள் செலவு உங்களுடையது என்கிறான். எல்லாம் வாய்ச்சொல். பட்டம் கைமாறியதும் மகள்கள் 100 எதற்கு, 50 போதும் என்கிறார்கள், பிறகு 25, கடைசியில் ஒருவர்கூட எதற்கு என்கிறார்கள். எழுத்தில் இல்லாத நிபந்தனை தேய்வது எப்படி என்பதை இதைவிடத் துல்லியமாகக் காட்டிய நாடகம் வேறில்லை. அப்பா பேல்வல்கர் அந்த வாய்ச்சொல் நிபந்தனைகூடப் போடவில்லை. ஷேக்ஸ்பியர் வசனங்களைக் கரைத்துக் குடித்த மனிதர் அவர். கொடுக்கும் அந்த நேரத்தில் அவர் தந்தையாக மட்டும் இல்லை, நடிகராகவும் இருந்தார் என்பது எங்கள் எண்ணம். எதையும் மிச்சம் வைக்காமல் கொடுப்பதில் கடைசிக் காட்சியை நிறைவாக முடித்த திருப்தி இருக்கிறது. நிபந்தனை சொன்னால் அந்தக் காட்சி கெட்டுவிடும். நடிகர் அல்லாத தகப்பன்மார்களும் இதே கூச்சத்தால்தான் பத்திரத்தில் ஒரு வரி சேர்க்கத் தயங்குகிறார்கள்.

இனி அந்த ஆண்டுகளுக்கு வருவோம். 1970-ல் நாடகம் மேடையேறியபோது பேல்வல்கருக்கு இருந்த வழி ஒன்றே ஒன்று. 1956-ம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டம், பிரிவு 20. வயதான பெற்றோரைப் பராமரிக்கும் கடமை பிள்ளைகளுக்கு உண்டு என்று அது சொன்னது. ஆனால் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு ஆண்டுக்கணக்கில் அலைய வேண்டும். பராமரிப்பு கேட்க உதவும் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ம் பிரிவில் பெற்றோரும் சேர்க்கப்பட்டது 1974 ஏப்ரலில்தான் நடைமுறைக்கு வந்தது. இப்போது அதே உரிமை, அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ம் பிரிவில் இருக்கிறது. எழுதிக் கொடுத்த வீட்டைத் திரும்பக் கேட்கும் வழி இவை எதிலும் கிடையாது. ஆகவே, வீட்டைக் கொடுத்த மனிதர் வீதியில் நின்று யாராவது ஒரு வீடு தருவீர்களா என்று கேட்கும் அந்தப் புகழ்பெற்ற தனிமொழிக்கு 1970-ல் சட்டத்திடம் பதில் இல்லை. படம் வந்த 2016-ல் பதில் இருந்தது. 2007-ம் ஆண்டின் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்பு மற்றும் நலச் சட்டம், பிரிவு 23.

அந்தப் பிரிவு சொல்வது இது. 60 வயது நிறைந்த ஒருவர், சட்டம் நடைமுறைக்கு வந்த பிறகு, தானமாகவோ வேறு விதமாகவோ சொத்தை ஒருவருக்கு மாற்றிக் கொடுக்கிறார். பெறுபவர் தனக்கு அடிப்படை வசதிகளையும் உடல் தேவைகளையும் செய்து தர வேண்டும் என்பது நிபந்தனை. பெறுபவர் அதைச் செய்ய மறுத்தாலோ தவறினாலோ, அந்தச் சொத்து மாற்றம் மோசடியாலோ வற்புறுத்தலாலோ தகாத செல்வாக்காலோ நடந்ததாகக் கருதப்படும். கொடுத்தவர் விரும்பினால் தீர்ப்பாயம் அதைச் செல்லாது என்று அறிவிக்கலாம். தீர்ப்பாயத்தின் தலைவர் கோட்டாட்சியர் நிலைக்குக் குறையாத அதிகாரி. மகாராஷ்டிரத்தில் மக்கள் ‘பிராந்த் அலுவலகம்’ என்று சொல்லும் இடம்தான்.

மொத்தப் பிரிவும் தொங்கிக்கொண்டிருப்பது ‘நிபந்தனை’ என்ற ஒரு சொல்லில். 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இதைக் கறாராகச் சொல்லிவிட்டது. பராமரிப்பு நிபந்தனையோடு கொடுக்கப்பட்டது என்பதை மனுவில் சொல்ல வேண்டும், நிரூபிக்கவும் வேண்டும். எதையும் எதிர்பாராமல் பாசத்தால் மட்டும் கொடுத்திருந்தால் பிரிவு 23 உதவாது. 2025 ஜனவரி 2 அன்று வந்த இன்னொரு தீர்ப்பில், மத்தியப் பிரதேசத்தைச் சேர்ந்த ஒரு தாய்க்கு வீடு திரும்பக் கிடைத்தது. அங்கே தானப் பத்திரத்தோடு, அதே நாளில் மகன் எழுதிக் கொடுத்ததாக ஓர் உறுதிமொழித் தாளும் இருந்தது: தாயைக் கடைசிவரை பார்த்துக்கொள்வேன், தவறினால் சொத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம் என்று. இந்தச் சட்டத்தை முதியோர் பக்கம் சாய்ந்து தாராளமாகப் பொருள்கொள்ள வேண்டும் என்றும், தீர்ப்பாயம் வீட்டைக் காலி செய்யச் சொல்லவும் திரும்ப ஒப்படைக்கச் சொல்லவும் முடியும் என்றும் அந்தத் தீர்ப்பு சொன்னது. பாசத்தையே மறைமுக நிபந்தனையாகச் சில உயர் நீதிமன்றங்கள் ஏற்றதும் உண்டு. ஆனால் உயர் நீதிமன்றம் வரை போய் வாதாடும் தெம்பு எத்தனை முதியவர்களுக்கு இருக்கும்? பத்திரத்திலேயே மூன்று வரி இருந்தால் பிராந்த் அலுவலகத்திலேயே முடிந்துவிடும்.

அந்த மூன்று வரி ஏன் பத்திரங்களில் இருப்பதில்லை என்பதைக் கொஞ்சம் அருகில் போய்ப் பார்க்கலாம். பத்திரம் எழுதுபவரிடம் பழைய மாதிரி ஒன்று இருக்கும். பெயர், முகவரி, எல்லைகளை மட்டும் மாற்றுவார். நடுவில் உள்ள பத்தி எப்போதும் ஒன்றுதான்: “தங்கள் மேல் எனக்குள்ள அன்பினாலும் பிரியத்தினாலும், எவ்வித நிபந்தனையும் இன்றி, சர்வ சுதந்திர பாத்தியங்களுடன் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது.” மராத்தியில் எழுதினாலும் ஆங்கிலத்தில் எழுதினாலும் சாரம் இதுவே. படிக்கும்போது மங்களகரமாக இருக்கிறது. ஆனால் ‘எவ்வித நிபந்தனையும் இன்றி’ என்ற மூன்று சொற்கள் பிரிவு 23-ன் கழுத்தை நெரித்துவிடுகின்றன. பின்னாளில் தீர்ப்பாயத்தில் எதிர்த்தரப்பு முதலில் நீட்டிக் காட்டுவது இந்த வரியைத்தான். பதிவாளர் முன் பத்திரம் வாசிக்கப்படும்போது, பெரியவர்கள் தலையாட்டிவிட்டுப் பெருவிரல் வைப்பதும் இந்த வரியில்தான்.

இதற்கு நேர் எதிரான தவறு ஒன்றும் நடக்கிறது. கொஞ்சம் விவரம் தெரிந்தவர்கள், “எனக்கு விருப்பம் ஏற்படும்போது இந்தத் தானத்தை ரத்து செய்துகொள்வேன்” என்று எழுதச் சொல்கிறார்கள். பாதுகாப்பாகத் தோன்றும், பயன் இல்லை. சொத்து மாற்றுச் சட்டம் பிரிவு 126-ன்படி, கொடுத்தவரின் வெறும் விருப்பத்தை மட்டும் வைத்து ரத்து செய்யலாம் என்ற வாசகம் செல்லாது. ரத்துக்கான காரணம் கொடுத்தவரின் விருப்பத்தைச் சாராத ஒரு நிகழ்வாக இருக்க வேண்டும். “பெறுபவர் பராமரிக்கத் தவறினால்” என்பது அப்படிப்பட்ட நிகழ்வு. அதே போல, “இந்த வீட்டை ஒருபோதும் விற்கவே கூடாது” என்று முழுத் தடை போடும் வரிக்கும் அதே சட்டத்தின் பிரிவு 10-ன்படி மதிப்பு இல்லை. விற்பதைத் தடுக்க நேரான வழி, முழு உரிமையையும் கொடுக்காமல் இருப்பதுதான். தம்பதியின் ஆயுள்கால அனுபவ உரிமையை நிறுத்திக்கொண்டு, அவர்களுக்குப் பிறகு முழு உரிமை சேரும்படி எழுதலாம். மகன் விற்றாலும் தன்னிடம் இருப்பதைத்தான் விற்க முடியும். வாங்குபவர் அந்த அனுபவ உரிமையோடுதான் வாங்க வேண்டும். உடனே ஒப்படைக்காமல் ஆயுள் வரை குடியிருக்கும் உரிமையை வைத்துக்கொண்டு தானம் கொடுத்தாலும் தானம் செல்லும் என்று 2014-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கொடுத்ததாகவும் ஆயிற்று, தலைக்கு மேல் கூரை இருப்பதாகவும் ஆயிற்று. பேல்வல்கரின் கதைக்கு இதைவிடப் பொருத்தமான தீர்ப்பு எங்களுக்குத் தெரியவில்லை.

பத்திரத்தில் சேர்க்க வேண்டிய வாசகம் ஏறத்தாழ இப்படி இருக்கலாம்: “என் ஆயுள் வரையிலும், எனக்குப் பின் என் மனைவியின் ஆயுள் வரையிலும் இந்த வீட்டில் குடியிருக்கும் உரிமையை நான் நிறுத்திக்கொள்கிறேன். பெறுபவர் எங்கள் இருவருக்கும் உணவு, உடை, மருத்துவச் செலவு ஆகியவற்றைத் தவறாமல் கொடுத்து வர வேண்டும் என்ற நிபந்தனையின் பேரில் இந்தத் தானம் செய்யப்படுகிறது. தவறினால் 2007-ம் ஆண்டுச் சட்டம் பிரிவு 23-ன் கீழ் இதைச் செல்லாததாக அறிவிக்கக் கோரும் உரிமை எங்கள் இருவருக்கும் உண்டு. இதற்குச் சம்மதித்துப் பெறுபவரும் கையெழுத்திடுகிறார்.” பெறுபவரின் கையெழுத்து முக்கியம். தானத்தைக் கொடுப்பவரின் ஆயுளுக்குள் பெறுபவர் ஏற்றுக்கொண்டால்தான் அது முழுமையாகும். பத்திரத்திலேயே கையெழுத்திட்டுவிட்டால் ஏற்றதற்கும் நிபந்தனை தெரிந்ததற்கும் ஒரே சான்று ஆகிவிடும். இரண்டு சாட்சிகள் வேண்டும். பதிவு கட்டாயம். கையெழுத்திட்ட நாளிலிருந்து நான்கு மாதத்துக்குள் பதிவுக்குக் கொண்டுபோக வேண்டும். மாதச் செலவுக்கு ஒரு தொகையை எண்ணாலும் எழுத்தாலும் குறித்துவிட்டால் பின்னால் ‘நாங்கள் பார்த்துக்கொண்டுதானே இருக்கிறோம்’ என்ற வாதத்துக்கு இடம் இருக்காது.

‘எங்கள் இருவருக்கும்’ என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். பெரும்பாலான பத்திரங்களில் வீடு கணவர் பெயரில் இருப்பதால் நிபந்தனையும் அவருக்கு மட்டும் எழுதப்படுகிறது. அவர் போனதும் மனைவி வெறுங்கையாக நிற்கிறார். படத்தில் பேல்வல்கர் தன் மனைவியை ‘சர்க்கார்’ என்று கூப்பிடுகிறார். அந்த அழைப்பில் அவ்வளவு காதல் இருக்கிறது. ஆனால் சொத்தைப் பிரித்தபோது அந்த சர்க்காருக்கென்று எதுவும் ஒதுக்கவில்லை. முன்னால் இருக்கும் தட்டைக் கொடுக்கலாம், உட்கார்ந்திருக்கும் மணையைக் கொடுக்கக் கூடாது என்று மராத்தியில் ஒரு பழமொழி உண்டு. இந்தக் கதையைப் பேசும்போதெல்லாம் மராத்தியர் அதைச் சொல்வார்கள். அந்தத் தம்பதியில் முதலில் உயிர்விடுவது கையெழுத்திட்டவர் இல்லை, காவேரி.

மகாராஷ்டிரத்தில் இந்த அவசரத்துக்கு இன்னொரு தூண்டுதலும் இருக்கிறது. குடியிருப்பு வீட்டைக் கணவன், மனைவி, மகன், மகள், பேரன், பேத்தி, இறந்துபோன மகனின் மனைவி ஆகியோருக்குத் தானமாகக் கொடுத்தால் முத்திரைத் தீர்வை 200 ரூபாய்தான். உள்ளாட்சிக்கான கூடுதல் வரியும் பதிவுச் செலவும் தனி. மற்றவர்களுக்குக் கொடுத்தால் சொத்து மதிப்பில் சதவீதக் கணக்கு. ‘இருநூறு ரூபாயில் முடிந்துவிடும், இப்போதே எழுதிவிடுங்கள்’ என்று பிள்ளைகளும் முகவர்களும் சொல்வதற்கு இதுவே காரணம். கணவர் உயிரோடு இருக்கும் மருமகள் இந்தப் பட்டியலில் இல்லை என்பதையும் கவனிக்க வேண்டும். மருமகளுக்கு எழுதிக் கொடுப்பதில் வேறொரு சிக்கலும் உண்டு. 2007 சட்டத்தில் ‘பிள்ளைகள்’ என்றால் மகன், மகள், பேரன், பேத்தி மட்டும். மருமகளிடமும் மருமகனிடமும் மாதப் பராமரிப்பு கேட்க முடியாது. ஆனால் பிரிவு 23 ‘பெறுபவர்’ என்றே சொல்வதால், நிபந்தனையோடு எழுதியிருந்தால் மருமகளிடமிருந்தும் சொத்தைத் திரும்பக் கேட்கலாம். நிபந்தனை இல்லாமல் மருமகள் பெயருக்கு எழுதியவருக்கு இரண்டு கதவும் மூடிவிடும்.

மும்பை, புணே போன்ற நகரங்களில் பெரும்பாலும் கூட்டுறவு வீட்டுவசதிச் சங்க அடுக்ககங்கள்தான். சங்கக் கூட்டங்களுக்குப் போக, ஓட்டுப் போட, பராமரிப்புக் கட்டண விவகாரங்களைப் பார்க்க மகன் தேவை என்பதற்காகவே வீட்டை அவன் பெயருக்கு மாற்றுகிற பெற்றோர் இருக்கிறார்கள். தேவையே இல்லை. மகனை இணை உறுப்பினராகச் சேர்க்க எழுதிக் கொடுத்தால் போதும். பங்குச் சான்றிதழில் பெற்றோர் பெயர் அப்படியே இருக்கும்; உரிமை மாறாது. சங்கத்தில் வாரிசு நியமனப் படிவம் கொடுத்து வைப்பதும் உரிமையை மாற்றுவது ஆகாது.

எங்களைக் கேட்டால், இத்தனை நிபந்தனைகளோடு தானம் எழுதுவதைவிட உயில் எழுதுவதே மேல். உயிலுக்கு முத்திரைத் தாள் வேண்டாம், பதிவும் கட்டாயம் இல்லை. இரண்டு சாட்சிகள் போதும். சொத்து யாருக்குப் போகிறதோ அவர்களைச் சாட்சியாக வைக்காமல் இருப்பது நல்லது. மனம் மாறினால் புதிதாக எழுதிக்கொள்ளலாம், கடைசி உயில்தான் செல்லும். வீடு தன் பெயரில் இருக்கும்வரை மகன் குடும்பம் அங்கே பெற்றோரின் அனுமதியோடு வாழ்கிறது. நிலைமை மிஞ்சினால் தீர்ப்பாயம் மகனை வெளியேறச் சொல்ல முடியும். ஆனால் மருமகளுக்குக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் குடியிருக்கும் உரிமை இருப்பதால், அதையும் சேர்த்தே பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020-ல் சொல்லியிருக்கிறது. அது நியாயமும்கூட.

பணத்தைப் பற்றி. வீட்டைவிடப் பணத்தைத் திரும்பப் பெறுவது கடினம். ரொக்கமும் நகையும் கையில் கொடுத்தாலே தானம் முழுமையாகிவிடும். பத்திரமே வேண்டாம், அதனால் நிபந்தனைக்குச் சான்றும் இருக்காது. மகளுக்குச் சேர வேண்டும் என்று நினைத்தால் வைப்பு நிதியைத் தன் பெயரிலேயே வைத்து மகளை வாரிசுதாரராக நியமிக்கலாம். கூட்டுக் கணக்கு வேண்டும் என்றால் படிவத்தில் ஒரு கட்டத்தைக் கவனித்து நிரப்ப வேண்டும். ‘இருவரில் ஒருவர் அல்லது எஞ்சியவர்’ என்று போட்டால் மகள் நாளைக்கே எடுத்துவிட முடியும். ‘முதலாமவர் அல்லது எஞ்சியவர்’ என்று போட்டால், முதல் பெயரில் இருப்பவர் உயிரோடு இருக்கும்வரை அவர் மட்டுமே எடுக்க முடியும். வங்கி ஊழியர்கள் பழக்கத்தில் முதல் வகையைத்தான் குறிப்பார்கள். கேட்டு மாற்ற வேண்டும். மூத்த குடிமக்கள் சேமிப்புத் திட்டத்தில் ஒருவர் 30 லட்சம் ரூபாய் வரை போடலாம். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி கைக்கு வரும். பேல்வல்கர் போன்ற ஒரு நடிகருக்கு ‘நைட்’ நின்றுபோன பிறகு கைக்கு வரும் காசு இந்த மாதிரி ஒன்றாகத்தான் இருக்க முடியும்.

சரி, எல்லாம் கொடுத்தாயிற்று, நிபந்தனையும் இல்லை, தெருவுக்கும் வந்தாயிற்று. படத்தில் இருக்கும் நிலை இதுதான். அப்போதும் வழி அடைபடவில்லை. வீடு திரும்பக் கிடைக்காமல் போகலாம், ஆனால் அதே 2007 சட்டத்தில் பராமரிப்பு கேட்க முடியும். அதற்குப் பத்திரமோ நிபந்தனையோ தேவையில்லை. சொந்த வருமானத்தில் வாழ முடியவில்லை என்பது போதும். மனுவைப் பெற்றோர் இப்போது இருக்கும் மாவட்டத்திலோ, கடைசியாகக் குடியிருந்த மாவட்டத்திலோ, பிள்ளைகள் இருக்கும் மாவட்டத்திலோ கொடுக்கலாம். நடைபாதையில் இருக்கிறவருக்கும் அந்த மாவட்டத் தீர்ப்பாயம் உண்டு. சட்டத்தின் 17-ம் பிரிவு வழக்கறிஞர் வேண்டாம் என்கிறது. ஆனால் சில உயர் நீதிமன்றங்கள் வழக்கறிஞரை அனுமதித்துள்ளன. பெற்றோர் கேட்டுக்கொண்டால் பராமரிப்பு அலுவலர் அவர்கள் சார்பில் ஆஜராகலாம். எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு போய்ச் சேர்ந்த நாளிலிருந்து 90 நாளில் முடிக்க வேண்டும். தவிர்க்க முடியாத காரணம் இருந்தால் ஒருமுறை மட்டும் 30 நாள் நீட்டிப்பு. அதற்குள் இடைக்காலப் பராமரிப்பும் கேட்கலாம், பலர் கேட்க மறந்துவிடுகிறார்கள். மத்தியச் சட்டப்படி மாதத் தொகையின் உச்சவரம்பு 10,000 ரூபாய். உத்தரவுக்குப் பின்னும் கொடுக்காத மகனையோ மகளையோ ஒரு மாதம் வரை சிறையில் வைக்கவும் பிரிவு 5(8) அனுமதிக்கிறது.

முதியவரைக் கைவிடுவது மூன்று மாதம் வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம் என்று பிரிவு 24 சொல்கிறது. படத்தைப் பார்த்தவர்கள் பிள்ளைகள் மேல் அதைப் பாய்ச்சச் சொல்வார்கள். அது எளிதல்ல. முழுவதுமாகக் கைவிடும் நோக்கத்தோடு ஓரிடத்தில் விட்டுவிட்டுப் போனதாக நிரூபிக்க வேண்டும். பேல்வல்கர் தம்பதியை யாரும் கொண்டுபோய் விடவில்லை. மானம் தாங்காமல் அவர்களாகவே வெளியேறினார்கள். பராமரிப்பு கேட்பதற்கு அது தடையில்லை. வெளியேறும்போது ஆதார், வங்கிப் புத்தகம், ஏதாவது ஒரு பழைய பத்திர நகல் கையில் இருந்தால் மனு பாதி தயார். நள்ளிரவில் கிளம்புகிறவர்கள் இவற்றைத்தான் விட்டுவிட்டுப் போகிறார்கள்.

சட்டத்தால் முடியாதது என்ன என்பதையும் சொல்லிவிட வேண்டும். தீர்ப்பாயம் சோறும் கூரையும் மருந்தும் வாங்கித் தரும். பேத்தியை வளர்ப்பதில் தாத்தாவின் சொல்லுக்கு எவ்வளவு இடம் என்பதை எந்த உத்தரவும் தீர்க்காது. திருட்டுப் பழி சுமத்திய மகளின் முகத்தை மறுபடி எப்படிப் பார்ப்பது என்பதற்கும் பிரிவு இல்லை. விக்ரம் கோகலே நடித்த, பேல்வல்கரின் நண்பர் ராம்பாவ், மனைவி போன பிறகு வாழும் ஆசையே அற்றுப்போகிறார். அவருக்கு எந்தச் சட்டமும் தேவைப்படவில்லை, உதவியிருக்கவும் முடியாது. பேல்வல்கரின் துயரத்தில் பெரும் பகுதி இந்த வகைதான், அதை மறுக்கவில்லை. ஆனால் தன் வீட்டில், தன் பெயரில் இருக்கும் கூரைக்குக் கீழே அவமானப்படும் கிழவரால் கதவைக் காட்டிப் பேச முடியும். அந்தப் பலம் அவரிடம் இருந்திருந்தால் காவேரி அந்த இரவில் வெளியே வந்திருக்க வேண்டியதில்லை.

கட்டுரையாளரிடம் எங்கள் வேண்டுகோள் ஒன்று. படத்தைப் பற்றி அடுத்து எழுதும்போது ராஜாவைப் பற்றியும் எழுதுங்கள். சட்டத்தின் 5-ம் பிரிவு, மனு கொடுக்க முடியாத நிலையில் இருக்கும் பெற்றோர் சார்பில், அவர்கள் அதிகாரம் கொடுக்கும் வேறு எந்த நபரும் அல்லது அமைப்பும் மனு கொடுக்கலாம் என்கிறது. உறவினராக இருக்க வேண்டும் என்று அதில் இல்லை. அப்பா பேல்வல்கர் ஒரு தாளில் சம்மதம் எழுதிக் கையெழுத்திட்டுக் கொடுத்திருந்தால், அந்த பாலிஷ் போடும் இளைஞனே பிராந்த் அலுவலகத்தில் மனு கொடுத்திருக்கலாம். யாருமே மனு கொடுக்காவிட்டாலும் தீர்ப்பாயம் தானாக எடுத்து விசாரிக்கவும் அதே பிரிவில் இடம் இருக்கிறது. தெருவில் இப்படி ஒருவரைப் பார்ப்பவர்கள் 14567 என்ற மூத்த குடிமக்கள் உதவி எண்ணைக் காலை 8 மணி முதல் இரவு 8 மணி வரை அழைக்கலாம், கட்டணம் இல்லை. அந்த எண்ணைத் தங்கள் இதழில் கட்டம் கட்டி வெளியிடக் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
முதியோர் பராமரிப்பு மனுக்களில் உதவும் வாசகர்கள்,
மாட்டுங்கா, மும்பை